அயல்நாட்டு மாணவரும் பல்கலைக்கழக நூலகமும்: வாசகர் கேள்விகள், நூலகரின் பதில்கள்

கேள்வி: வெளிநாட்டுப் பல்கலைக்கழகம் ஒன்றில் முதுநிலைப் படிப்பில் சேரவிருக்கிறேன். ஆய்வுக் கட்டுரைகள் எல்லாம் இணையத்திலேயே கிடைக்கும்போது நூலகத்தால் எனக்கு என்ன பயன்?

பதில்: நீங்கள் இணையத்தில் படிக்கப்போகும் ஆய்விதழ்களில் பலவற்றுக்குச் சந்தா கட்டுவதே நூலகம்தான். பல்கலைக்கழகக் கணக்கில் நுழைந்தவுடன் கட்டுரை திறந்துகொள்வதால், அது எல்லோருக்கும் இலவசமாகக் கிடைக்கிறது என்று மாணவர்கள் எண்ணிவிடுகிறார்கள். அதே பக்கத்தைக் கணக்கில் நுழையாமல் திறந்து பார்த்தால் பணம் கேட்கும். ஆகவே, நூலகக் கட்டடத்துக்குள் கால் வைக்காத நாளிலும் நீங்கள் நூலகத்தைப் பயன்படுத்திக்கொண்டுதான் இருப்பீர்கள்.

வளாகத்துக்கு வெளியிலிருந்து உள்நுழைவது எப்படி என்பதை முதல் வாரத்திலேயே கேட்டு, ஒருமுறை செய்தும் பார்த்துவிடுங்கள். விடுமுறைக்குச் சொந்த நாடு திரும்பும் மாணவர்கள், ஆய்வேட்டு வேலையின் நடுவில் கட்டுரை திறக்காமல் திண்டாடுவது பெரும்பாலும் இதை முன்கூட்டியே கேட்டு வைக்காததால்தான். 100க்கும் மேற்பட்ட நாடுகளில் உள்ள எடுரோம் என்னும் கம்பியில்லா இணைய வசதி, உங்கள் பல்கலைக்கழகக் கணக்கைக் கொண்டே வேறொரு பல்கலைக்கழக வளாகத்திலும் இணைய இணைப்பைப் பெற்றுத் தரும். ஆனால் அது தருவது இணைப்பை மட்டுமே. சந்தா இதழ்களைத் திறக்க உங்கள் நூலகத்தின் உள்நுழைவு அப்போதும் தேவைப்படும்.

கேள்வி: வந்து ஒரு பருவம் முடியப்போகிறது. உதவி மேசை வரை போய்விட்டு, ஒன்றும் கேட்காமல் திரும்பிவிடுகிறேன். ஆங்கிலம் தடுமாறுகிறது. இதுகூடத் தெரியாதா என்று நினைத்துவிடுவார்களோ என்று கூச்சமாக இருக்கிறது. என்ன செய்யலாம், ஐயா?

பதில்: இந்தக் கூச்சம் உங்களுக்கு மட்டும் உரியதன்று. அமெரிக்க ஆய்வாளர் கான்ஸ்டன்ஸ் மெல்லன் 1986ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வில், கட்டுரை எழுதுவதற்காக நூலகத்தில் தேடத் தொடங்கிய மாணவர்களில் 75 முதல் 85 விழுக்காட்டினர் தங்கள் தொடக்க அனுபவத்தை அச்சமாகவே விவரித்திருந்தனர். மற்றவர்களுக்கெல்லாம் தெரிந்திருக்கிறது, தனக்குத்தான் தெரியவில்லை, அது வெட்கப்பட வேண்டிய குறை, வாயைத் திறந்து கேட்டால் குட்டு வெளிப்பட்டுவிடும் என்று அவர்கள் நம்பியதாக அவர் கண்டறிந்தார். அவர் ஆராய்ந்தது அயல்நாட்டு மாணவர்களைத் தனியாக அன்று. கட்டுரை எழுதும் பயிற்சி வகுப்புகளின் மாணவர்கள் அனைவரையும்தான்.

அயல்நாட்டு மாணவர்களுக்கு இதன்மேல் இன்னொரு சுமையும் சேர்கிறது. பல நாடுகளில் வாசகர் சீட்டு எழுதிக் கொடுத்தால் ஊழியர் உள்ளே போய் நூலை எடுத்து வருவார். வாசகர் அடுக்குகளின் பக்கம் போக முடியாது. அப்படிப்பட்ட நூலகத்தில் பழகியவருக்கு, அடுக்குகளுக்கிடையே தாமே நடந்து தேடி எடுக்கலாம் என்பதும், நூலகர் என்பவர் நூலைக் காப்பவர் மட்டுமல்லர், ஆய்வுக்கு உதவுவதையே தொழிலாகக் கொண்டவர் என்பதும் எவரும் எடுத்துச் சொல்லாமல் தெரிய வழியில்லை. இதை முதல் நாளிலேயே விளக்கிச் சொல்வது நூலகத்தின் கடமை என்று நான் உறுதியாகக் கருதுகிறேன். சொல்லாமல் விட்ட குறையை மாணவரின் அறியாமையாகக் கணக்கிடுவது நியாயமாகாது.

பேசத் தயங்கினால் எழுதிக் கேளுங்கள். பல நூலகங்களில் இணைய உரையாடல் வழியாகவும் மின்னஞ்சல் வழியாகவும் கேட்க முடியும். எழுதும்போது அவகாசம் எடுத்துச் சொற்களைத் தேர்ந்துகொள்ளலாம். வரும் பதிலை மீண்டும் மீண்டும் படிக்கலாம். அடுத்த படியாக, உங்கள் துறைக்கென்று இருக்கும் பொருள்சார் நூலகரிடம் தனிச் சந்திப்புக்கு நேரம் கேளுங்கள். அங்கே என்ன நடக்கும் என்று தெரிந்தால் பாதி அச்சம் போய்விடும் என்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

புலம்பெயர்ந்த பெண் தொழிலாளர்களின் மனநலம் பற்றி எழுதப்போவதாக வைத்துக்கொள்வோம். அந்தத் தலைப்பை அப்படியே தேடல் பெட்டியில் இட்டால் ஆயிரக்கணக்கான பதிவுகள் வந்து குவியும், அல்லது ஒன்றும் தேறாது. நூலகர் முதலில் ஒரு தாளை எடுத்து, தலைப்பை யார், என்ன, எங்கே என்று பிரிப்பார். மனநலம் என்பதன் கீழ் மனச்சோர்வு, பதற்றம், தூக்கமின்மை என்று ஆய்வாளர்கள் ஆளும் பிற சொற்களை எழுதுவார். ஒரே கருத்தைக் குறிக்கும் சொற்களை ‘அல்லது’ என்ற இணைப்பாலும், வேறுபட்ட கருத்துகளை ‘மற்றும்’ என்ற இணைப்பாலும் கோத்துத் தேடிக் காட்டுவார். பொருத்தமான கட்டுரை ஒன்று அகப்பட்டதும், அது மேற்கோள் காட்டும் பழைய கட்டுரைகளை நோக்கிப் பின்னோக்கியும், அதை மேற்கோள் காட்டிய புதிய கட்டுரைகளை நோக்கி முன்னோக்கியும் போகச் சொல்லித் தருவார். அரைமணி நேரத்தில் முடிந்துவிடக்கூடிய வேலைதான். உங்கள் ஆங்கிலத்துக்கு அங்கே யாரும் மதிப்பெண் போடுவதில்லை. தலைப்பை ஒரு தாளில் எழுதி எடுத்துப் போனாலே போதும்.

கேள்வி: நான் சமர்ப்பித்த கட்டுரையில் கருத்துத்திருட்டு இருப்பதாகச் சொல்லி விளக்கம் கேட்டிருக்கிறார்கள். ஏமாற்றும் எண்ணம் எனக்கு இல்லை. பாடநூலின் வரிகளை அப்படியே எழுதினால் பாராட்டும் முறையில் படித்து வந்தவன் நான்.

பதில்: உங்கள் வருத்தம் புரிகிறது. விளக்கம் கொடுக்கும்போது நடந்ததை உள்ளபடி சொல்லுங்கள். மாணவர் ஆலோசனை அலுவலகம் இருந்தால் அதன் துணையையும் நாடுங்கள். கட்டுரையைப் பிற எழுத்துகளோடு ஒப்பிட்டுப் பார்க்கும் மென்பொருள் காட்டும் ஒப்புமை விழுக்காடு தீர்ப்பன்று என்பதையும் அறிந்துகொள்ளுங்கள். முறையாகக் குறிப்புத் தந்து எடுத்தாண்ட மேற்கோளும் அந்தக் கணக்கில் சேரக்கூடும். எது திருட்டு, எது மேற்கோள் என்பதை மனிதர்தாம் படித்து முடிவு செய்ய வேண்டும்.

இனி எழுதுவதற்கு நூலகம் நடத்தும் மேற்கோள் பயிற்சியில் சேருங்கள். பிறர் வாக்கியத்தில் சில சொற்களை மட்டும் மாற்றிவிட்டால் அது சொந்த நடையாகிவிடும் என்பதுதான் மாணவர்களிடம் நான் அதிகம் காணும் தவறான எண்ணம். மூலத்தை மூடி வைத்துவிட்டு, புரிந்ததைச் சொந்தச் சொற்களில் எழுதி, பிறகு மூலத்துடன் ஒப்பிட்டு, எங்கிருந்து எடுத்தது என்பதையும் குறித்துவிடுவதே சரியான வழி. குறிப்புகளைச் சேர்த்து வைக்க ஜோட்டெரோ என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. அமெரிக்காவின் ஜார்ஜ் மேசன் பல்கலைக்கழகத்தில் உருவாகி 2006ஆம் ஆண்டில் வெளிவந்தது.

கேள்வி: என் ஆய்வுக்கு என் தாய்மொழியில் வெளியான நூல்கள் தேவை. இங்குள்ள நூலகத்தில் அவை இல்லை. வாங்கித் தரச் சொல்லலாமா?

பதில்: தாராளமாகச் சொல்லலாம். நூல் பரிந்துரைப் படிவம் இருப்பது அதற்காகத்தான். ஆனால் அதற்கு முன் இரண்டு விஷயங்களைப் பாருங்கள். ரோமன் அல்லாத எழுத்துகளில் அச்சான நூல்களைப் பல நூற்பட்டியல்கள் ரோமன் எழுத்துபெயர்ப்பிலேயே, அதாவது ஒலிப்பை ரோமன் எழுத்தில் எழுதியே, பதிவு செய்திருக்கின்றன. தாய்மொழி எழுத்தில் தேடிக் கிடைக்காத நூல், ரோமன் எழுத்தில் தேடும்போது அகப்படலாம். எழுத்துபெயர்ப்பு முறையை நூலகரிடமே கேளுங்கள். அடுத்தது, நூலகங்களுக்கிடையிலான இரவல். வேர்ல்ட்கேட் என்ற கூட்டுப் பட்டியலில் தேடினால் எந்த நாட்டில் எந்த நூலகத்தில் அந்த நூல் இருக்கிறது என்று தெரியும். உங்கள் நூலகம் அந்த நூலகத்திடம் கேட்டு வாங்கித் தரும், அல்லது தேவையான இயலை மட்டும் வருடி (ஸ்கேன் செய்து) பெற்றுத் தரும். அச்சு நூல் வந்து சேரச் சில வாரங்கள் ஆகலாம். ஆகவே கடைசி மாதத்தில் கேட்காதீர்கள்.

உலக மொழி நூல்கள் இப்படிப் பல்கலைக்கழகங்களில் சேர்ந்ததற்குப் பின்னால் நெடுங்கால உழைப்பு இருக்கிறது. அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் புதுதில்லி, இஸ்லாமாபாத், ஜகார்த்தா, கெய்ரோ, நைரோபி, ரியோ டி ஜெனிரோ ஆகிய நகரங்களில் அலுவலகங்களை அமைத்து, தனக்கு மட்டுமின்றிக் கூட்டுத் திட்டத்தில் சேர்ந்த பல்கலைக்கழக நூலகங்களுக்கும் நூல்களை வாங்கி அனுப்பி வந்திருக்கிறது.

கேள்வி: நான் கல்லூரி ஆசிரியர். பல்கலைக்கழகங்கள் உலகளாவிய ஈடுபாடு என்று பேசுகின்றன. நூலகத்தைப் பொறுத்தவரை இது வரவேற்புப் பலகையோடு நின்றுவிடுவதில்லையா?

பதில்: நின்றுவிடும் இடங்கள் உண்டு. பல நாட்டுக் கொடிகளைத் தோரணம் கட்டுவது எளிது. அறிவு இரு பக்கமும் பாய வழி செய்வதுதான் கடினம். அமெரிக்காவின் இல்லினாய் பல்கலைக்கழக நூலகத்தில் 1991ஆம் ஆண்டில் தொடங்கிய மார்டென்சன் மையம், பல நாட்டு நூலகர்களை வரவழைத்துப் பயிற்சி அளித்து வருகிறது. 2002ஆம் ஆண்டில் உலகச் சுகாதார நிறுவனத்தின் முயற்சியாகத் தொடங்கி விரிந்த ரிசர்ச் ஃபார் லைஃப் திட்டம், வருமானம் குறைந்த நாடுகளின் நிறுவனங்களுக்கு ஆய்விதழ்களை இலவசமாகவோ குறைந்த கட்டணத்திலோ தருகிறது. 2013ஆம் ஆண்டில் உருவாகி 2016ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த மராகெஷ் உடன்படிக்கை, பார்வைக் குறைபாடு உடையவர்களுக்கான வடிவில் அமைந்த நூல்கள் அதில் சேர்ந்த நாடுகளுக்கிடையே எல்லை கடந்து போக வழி திறந்தது.

என்னைக் கேட்டால், ஒரு நூலகத்தின் உலக ஈடுபாட்டை அளக்க அதன் ஆய்வேட்டுக் களஞ்சியத்தைத்தான் முதலில் பார்ப்பேன். அங்கே பட்டம் பெற்ற அயல்நாட்டு மாணவரின் ஆய்வேட்டை, அவருடைய சொந்த நாட்டில் உள்ள ஒருவர் பணம் கட்டாமல் படிக்க முடிகிறதா என்பதே என் கேள்வி.

கேள்வி: படிப்பு முடிந்த பிறகும் மின்னிதழ்களைப் பயன்படுத்த முடியுமா?

பதில்: பெரும்பாலும் முடியாது. உரிம ஒப்பந்தங்கள் பயிலும் மாணவர்களையும் பணியாளர்களையும் மட்டுமே உள்ளடக்குவது வழக்கம். முன்னாள் மாணவர்களுக்குச் சில தரவுத்தளங்களைத் திறந்துவிடும் நூலகங்களும் உண்டு, கேட்டுப் பாருங்கள். தேவையான கட்டுரைகளை முன்னதாகவே சேமித்துக்கொள்ளலாம். ஆனால் நூற்றுக்கணக்கில் ஒரேயடியாகப் பதிவிறக்கம் செய்யாதீர்கள். பதிப்பகம் அதைக் கண்டுபிடித்து முழுப் பல்கலைக்கழகத்துக்குமே இணைப்பை நிறுத்திவைக்கக்கூடும். பட்டமளிப்பு விழா வரை கணக்கு இருக்கும் என்று நம்பி இருந்துவிடாமல், அது முடியும் தேதியை இப்போதே கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.