புகார் நிலுவையில் இருக்கிறது என்று சொல்லிப் பதவி உயர்வுப் பட்டியலில் என் பெயரை விட்டுவிட்டார்கள். என்ன செய்யலாம்?

எந்தத் துறை என்று நீங்கள் எழுதவில்லை. சேலம் மாவட்டத்தில் உதவியாளர் நிலையில் இருப்பவர் என்று வைத்துக்கொள்கிறேன். 'புகார்' என்று மட்டும் சொல்கிறீர்கள். 17(ஆ) குற்றச்சாட்டுக் குறிப்பாணை, அதாவது அரசு ஊழியர் ஒழுங்கு விதி 17(ஆ)-இன் கீழ் பெருந்தண்டனைக்குரிய குற்றச்சாட்டுகளை எழுதித் தரும் தாள், உங்கள் கைக்கு வந்ததா, வந்தது என்றால் பட்டியலுக்கு முன்பா பின்பா? முதலில் அதைப் பாருங்கள்.

பதவி உயர்வை உரிமையாகக் கேட்க முடியாது. பரிசீலிக்கப்படும் உரிமை உண்டு. அரசமைப்புச் சட்டம் 16-ஆவது பிரிவின்படி அது அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. 1991-இல் வந்த ஜானகிராமன் வழக்குத் தீர்ப்பைத் தேடிப் படியுங்கள். குறிப்பாணை வழங்கப்பட்ட பிறகோ, குற்றவியல் நீதிமன்றத்தில் குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகோதான் நடவடிக்கை தொடங்கியதாகக் கொள்ள வேண்டும். மொட்டைக் கடிதமும் பூர்வாங்க விசாரணையும் அந்தக் கணக்கில் வராது.

எனக்கு இது எப்படித் தெரியும் என்றால், பட்டவன் நான். ஏற்காட்டில் ஓர் அலுவலகத்தில் வேலை. பதிவறைக் கூரை ஒழுகும். ஐப்பசி, கார்த்திகையில் மூடுபனியும் சேர்ந்துகொண்டால் பதிவேடுகளின் தாள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். பிரித்தால் ஒரு பக்கத்து மை எதிர்ப்பக்கத்தில் தலைகீழாகப் படிந்திருக்கும். அப்படிப் போன பதிவேடு ஒன்றை நான் வேண்டுமென்றே சிதைத்துவிட்டேன் என்று யாரோ எழுதிப் போட்டார்கள். பட்டியல் வந்தது, என் பெயர் இல்லை. எனக்கு இளையவர் கண்காணிப்பாளர் ஆனார். மலையிறங்கிச் சேலத்தில் போய்க் கேட்டால், "உங்கள் மேல் ஏதோ உத்தேசம் இருக்கிறதாம் சார்" என்றார்கள்.

எழுத்தில் கேட்டேன். "ஒழுங்கு நடவடிக்கை எடுக்க உத்தேசிக்கப்பட்டுள்ளது" என்று பதிலும் எழுத்தில் வந்தது. பட்டியல் வந்தபோது நடவடிக்கை தொடங்கவேயில்லை என்பதற்குச் சாட்சியான அந்த ஒரு வரிதான் பிற்பாடு என்னைக் காப்பாற்றியது. 17(ஆ) அதற்குப் பிறகுதான் வந்தது, நான்கு இணைப்புகளோடு. தபால் புத்தகத்தில் கையெழுத்துப் போடும்போது தேதியையும் சேர்த்தே எழுதினேன். கூரை பற்றி மேலே அனுப்பிய கடிதங்களின் அலுவலக நகல்கள் நடப்புக் கோப்பிலேயே இருந்தன. ஒவ்வோர் எழுத்தரும் தன் கைக்கு வரும் கடிதங்களைக் குறித்துவைக்கும் 'தன் பதிவேட்டிலும்' பதிவு இருந்தது. விசாரணை அலுவலர் அவற்றைப் பார்த்துவிட்டுக் குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை என்று எழுதினார்.

லஞ்சம் வாங்கிக் கையும் களவுமாகப் பிடிபட்டவர்களுக்கு வழி சொல்லித் தருகிறேன் என்று யாரும் கருத்துப் பகுதியில் வரிந்து கட்டிக்கொண்டு வர வேண்டாம். நான் வக்கீலும் அல்ல. தப்பு செய்தவனைத் தண்டியுங்கள். பட்டியல் தயாராகும் நேரம் பார்த்துப் புகாரைத் தூசி தட்டி எடுப்பதைத்தான் சொல்கிறேன்.

இன்னொன்று. ஏற்காட்டில் வேலை என்றால் "உங்களுக்கென்ன, குளுகுளுவென்று இருக்கலாம்" என்பார்கள். மே மாதம் கோடை விழா வந்துவிட்டால் யார் எந்த வேலைக்கு வந்தவர் என்று பார்க்காமல் எல்லோருக்கும் பந்தோபஸ்து, வரவேற்பு, சாப்பாட்டுப் பொறுப்பு. கொண்டை ஊசி வளைவுகளில் வண்டிகள் நகராது. சேலத்தில் குடும்பம் வைத்திருப்பவன் வீடு போய்ச் சேர நடுராத்திரி. ஒரு வாரம் எரியும் சீரியல் விளக்குகளுக்கு நிதி உண்டு, பதிவறைக் கூரைக்கு மட்டும் 'நிதி ஒதுக்கீடு இல்லை'. கேட்டால் நான் குதர்க்கம் பேசுகிறவன்.

சரி, உங்கள் விஷயம். குறிப்பாணை பட்டியலுக்கு முன்பே வந்திருந்தால் பாதை வேறு. 17(ஆ) முடியும் வரை பெயரைத் தள்ளிவைப்பார்கள். விசாரணையை விரைந்து முடிக்கக் கேட்டு மனுக் கொடுப்பதுதான் வழி. பழங்கதையைத் தோண்டியிருந்தால், வீட்டுவசதி வாரிய ஊழியர் மகாதேவன் வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதைப் பாருங்கள். சுமார் பத்து ஆண்டு தாமதத்துக்குச் சரியான விளக்கம் இல்லாததால் குறிப்பாணையையே ரத்து செய்தார்கள்.

எனக்குப் பணிமூப்பு திரும்பக் கிடைத்தது, இளையவருக்கு மேலேயே. நிலுவைச் சம்பளம் மட்டும் கிடைக்கவில்லை. அந்தப் பதவியில் வேலை பார்க்கவில்லையாம். வேலை பார்க்கத் தயாராக இருந்தவனை நிர்வாகமே விலக்கி வைத்திருந்தால் அந்த வாதம் செல்லாது என்று அதே ஜானகிராமன் தீர்ப்பில் இருக்கிறது. எழுதிக் கொடுத்தேன்; 'பரிசீலனையில் உள்ளது' என்கிறார்கள். நான் ஓய்வும் பெற்றாயிற்று.

நாளைக்கே மனுக் கொடுங்கள். பெயர் விடுபட்டதற்கான காரணத்தை மட்டும் கேளுங்கள், புலம்பல் எதுவும் வேண்டாம். நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொண்டு வெளியே வாருங்கள்.