பேய்ப்பட எடிட்டர் என்று முத்திரை விழுந்தால்?

கேள்வி: ஆறு வருடமாக எடிட்டிங் அறையில் இருக்கிறேன். தனியாக எடிட் செய்த இரண்டு படங்களும் பேய்ப் படங்கள். இரண்டும் ஓரளவு ஓடின. இப்போது வந்திருக்கும் மூன்றாவதும் அதேதான். "உனக்கு அதுதானே வரும்" என்று நண்பர்கள் கேலி செய்கிறார்கள். குடும்பக் கதை, காதல் கதையெல்லாம் எனக்கு வராமலே போய்விடுமோ? மறுத்துவிடலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பதில்: மறுக்காதீர்கள். ஆனால் ஒத்துக்கொள்ளும் முன் ஸ்கிரிப்டைக் கேட்டு வாங்கிப் படித்துவிடுங்கள். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

உங்கள் பயம் நியாயமானதுதான். தயாரிப்பாளருக்கு எடிட்டரைப் பற்றி யோசிக்க அரை நிமிஷம் இருந்தால் அதிகம். கடைசியாக என்ன படம் என்று கேட்பார், அதோடு சரி. ஆனாலும் தாண்டிப் போனவர்கள் உண்டு. ஹாலிவுட் எடிட்டர் பால் ஹிர்ஷ் 1976-ல் 'கேரி' என்ற திகில் படத்தை எடிட் செய்தார். கடைசியில் கல்லறைக்குள்ளிருந்து கை நீளுமே, அந்தப் படம். மறுவருடம் 'ஸ்டார் வார்ஸ்', வேறு இருவரோடு சேர்ந்து ஆஸ்கர். 1987-ல் முழுநீள நகைச்சுவைப் படம் ஒன்று. 2004-ல் பாடகர் ரே சார்ல்ஸின் வாழ்க்கைக் கதையான 'ரே'; அதற்கும் ஆஸ்கர் பரிந்துரை.

எதிர்த்திசையிலும் வந்திருக்கிறார்கள். மார்கரெட் சிக்ஸல் 2015-ல் வந்த 'மேட் மேக்ஸ்: ஃப்யூரி ரோடு'க்கு முன் அதிரடிப் படமே தொட்டதில்லை. சுமார் 480 மணி நேர ஃபுட்டேஜ், அதாவது வெட்டாமல் எடுத்தபடியே இருக்கும் காட்சிகள், அவர் முன் வந்து குவிந்தது. அதை இரண்டு மணி நேரமாக்கி ஆஸ்கர் வாங்கினார்.

இப்படி வகை மாறுவது எப்படிச் சாத்தியமாகிறது? என் மேஜையில் நடந்ததைச் சொல்கிறேன். ஒரு பெண் திரும்பிப் பார்க்கிறாள், கதவு திறந்திருக்கிறது, யாருமில்லை. அந்தக் கதவை முதலில் ஒரு செகண்டு, அதாவது 24 ஃப்ரேம் வைத்தேன். பார்த்தவர்கள் 'யாருமில்லை' என்று முடிவு செய்வதற்குள் ஷாட் போய்விட்டது. மூன்று செகண்டு வைத்ததும் இருட்டுக்குள் தேட ஆரம்பித்தார்கள். ஐந்து செகண்டில் ஒருவர் நாற்காலியில் நெளிந்தார். கணவன் மன்னிப்புக் கேட்ட பிறகு மனைவி எத்தனை நேரம் பேசாமல் இருக்கிறாள் என்பதும் இதே கணக்குதான். பேய்ப் படத்தில் தப்பு செய்தால் உடனே தெரிந்துவிடும், குடும்பப் படத்தில் "ஏதோ இழுவை" என்பதோடு தப்பித்துவிடலாம். கற்றுக்கொள்ள முதலாவதுதான் நல்ல இடம்.

என் முதல் பேய்ப் படத்தில் பயப்படும் இடம் ஒவ்வொன்றிலும் 'டமால்' என்று சத்தம் வைத்தேன். நான்காவது டமாலுக்குத் தியேட்டரே சிரித்தது. அன்று ஓரத்தில் உட்கார்ந்து திரையைப் பார்க்காமல் ஆட்களின் தோள்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். இன்றைக்கும் அப்படித்தான்.

ஸ்கிரிப்ட் விஷயத்துக்கு வருகிறேன். இரண்டு பேர் உட்கார்ந்து பேசுகிற, பேயே வராத காட்சி அதில் எத்தனை இருக்கிறது என்று எண்ணுங்கள். ஒன்றுகூட இல்லையென்றால் மட்டும் யோசியுங்கள். இருந்தால், மற்ற எதையும்விட அதற்கு அதிக ராத்திரிகளைக் கொடுங்கள். படம் வெளியான பிறகு, தயாரிப்பாளரிடம் கேட்டுவிட்டு, அந்தக் காட்சியை உங்கள் ஷோரீலின் (வேலை கேட்கும்போது காட்டும் மாதிரித் தொகுப்பு) தொடக்கத்தில் வையுங்கள். அலறல்களை ஒட்டித் தைத்த ஷோரீல் ஆயிரம் உண்டு, அதை யாரும் பத்து செகண்டுக்கு மேல் பார்ப்பதில்லை. கூடவே, காதல் கதை வைத்திருக்கும் புது இயக்குநர் யாருக்காவது ஒரு குறும்படம் எடிட் செய்து கொடுங்கள்.

பேய்ப் படங்களில் ரிலீஸ் தேதியை முதலில் குறித்துவிட்டுப் பிறகு படம் எடுப்பதும் உண்டு. எத்தனை வாரம், எத்தனை முறை மாற்றம் என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். இரண்டு படம் ஓடியிருக்கிறது. முதல் படத்துச் சம்பளத்துக்கே ஒத்துக்கொண்டு வந்துவிடாதீர்கள்.