நீதவான் தீர்ப்புக்குக் காத்திருந்தால் நட்டஈடு கைவிட்டுப் போகும்

தலவாக்கலைப் பக்கத் தேயிலைத் தோட்டமொன்றிலிருந்து ஒரு வாசகர் நான்கு பக்கம் எழுதியிருக்கிறார். காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக்கு நடந்து போன அவருடைய 43 வயது மனைவியை வளைவில் வேன் மோதி 19 மாதமாகிறது. வலது மணிக்கட்டு முறிந்து கம்பி வைத்திருக்கிறார்கள். சாரதி ஆஸ்பத்திரிப் பக்கம் எட்டிப் பார்க்கவில்லை, பொலிஸார் வேன்காரர் பக்கம் சாய்கிறார்கள், நீதவான் நீதிமன்றத்தில் ஏழு தவணை போய்விட்டது என்று மனம் நொந்து எழுதுகிறார். வேன் சொந்தக்காரர் 40,000 ரூபா கொடுத்து, சிங்களத்தில் எழுதிய ஒரு தாளில் மனைவியிடம் கையொப்பமும் வாங்கியிருக்கிறார். தீர்ப்பு வந்த பிறகு 50 லட்சம் கேட்கலாமா என்பது கேள்வி.

ஐயா, "தீர்ப்பு வந்த பிறகு" என்று எழுதியிருக்கிறீர்களே, எனக்குப் பயம் அதில்தான்.

நீதவான் நீதிமன்றத்தில் நடப்பது சாரதிக்கு எதிராகப் பொலிஸார் போட்ட வழக்கு. அங்கே விதிக்கும் தண்டப்பணம் அரசாங்கத்துக்குப் போகும். உங்கள் வழக்கை மாவட்ட நீதிமன்றத்தில் நீங்கள்தான் போட வேண்டும். காலவிதிப்புச் சட்டப்படி அதற்கு விபத்து நடந்த நாளிலிருந்து இரண்டு வருடம்தான். நீதவான் வழக்கு இழுபட்டாலும், வேனின் காப்புறுதிக்காரர்கள் "பரிசீலிக்கிறோம்" என்று கடிதம் மேல் கடிதம் போட்டாலும் அந்தக் காலம் ஓடிக்கொண்டுதான் இருக்கும். மகனுக்குக் கால் போன ஒரு தகப்பன், சாரதி குற்றவாளி என்ற தீர்ப்பின் பிரதியைப் பொலித்தீன் பையில் பத்திரமாகச் சுற்றி என் மேசையில் வைத்தார். விபத்து நடந்து இரண்டு வருடமும் மூன்று மாதமும் ஆகியிருந்தது. அந்த மனுஷனுக்கு என்னால் ஒன்றுமே செய்ய முடியவில்லை. உங்களுக்கு இன்னும் ஐந்து மாதம் இருக்கிறது. வழக்குப் போட்டால் அதற்கு முன்போ, போட்ட ஏழு நாளுக்குள்ளோ காப்புறுதி நிறுவனத்துக்கு அறிவித்தல் போக வேண்டும். அது தவறினால் நிறுவனம் கைவிரித்துவிடும். வென்ற பணத்துக்குச் சாரதியின் பின்னால் அலைய வேண்டியதுதான்.

சரி, தொகைக்கு வருவோம். சாரதி வந்து பார்க்காததற்கு நீதிமன்றம் ஒரு ரூபா கூடத் தராது. மூன்றாம் பக்கத்தின் கடைசியில் போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: முன்பு 20 கிலோ கொழுந்து எடுத்தவருக்கு இப்போது 9 கிலோவும் தேறுவதில்லை, அரைப் பேர், அதாவது அரை நாள் சம்பளம்தான் விழுகிறது. உங்கள் வழக்கே அந்த வரிதான். விபத்துக்கு முந்திய ஒரு வருடச் சம்பளத் துண்டுகளையும் பிந்தியவற்றையும் தேடி எடுங்கள். தோட்டத்து வேலைப் பதிவேடான செக்ரோலில் கிலோக் கணக்கு இருக்கும், இ.பி.எஃப். (ஊழியர் சேமலாப நிதி) பதிவும் உதவும். ஞாயிற்றுக்கிழமை கைக்காசுக்கு எடுத்ததற்குப் பெரும்பாலும் துண்டு இருக்காது, அதற்குக் கணக்கப்பிள்ளையோ கூட வேலை செய்தவரோ சாட்சி சொல்ல வேண்டும். மணிக்கட்டு இனி எவ்வளவு மடங்கும் என்று எலும்பு வைத்தியர் எழுத்தில் தர வேண்டும்.

2021ஆம் ஆண்டின் 28ஆம் இலக்கச் சட்டப்படி ஓய்வு வயது 60 என்று வைத்தால் இன்னும் 17 வருட உழைப்பு. மாதக் குறைவை அதோடு பெருக்கி அப்படியே தரமாட்டார்கள். மொத்தமாக முன்கூட்டியே கிடைக்கிற பணம் என்பதற்கும், இடையில் நோய் நொடி வரலாம் என்பதற்கும் கழிப்பார்கள். தோட்டத்தில் இலேசான வேலை கொடுத்து முழுப் பேர் போட்டால் இழப்பே குறைவு என்று எதிர்த்தரப்பு வாதிடும். வலிக்கும் வேதனைக்கும் தனியாக ஒரு தொகை உண்டு. உங்கள் மனைவி ரோட்டின் நடுவில் நடந்தார் என்று நிரூபித்தால் 1968ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி அவருடைய தவறின் பங்கு கழியும், முழுதாக அற்றுப்போகாது. 50 லட்சத்துக்கு நீங்கள் எழுதியதில் ஆதாரம் எதுவும் இல்லை.

அதனால் வெளிப்படையாகவே சொல்கிறேன். துண்டுகளின்படி வருகிற கணக்கில் பாதிக்கு மேல் காப்புறுதி நிறுவனம் எழுத்தில் தர முன்வந்தால் வாங்கிக்கொள்ளுங்கள். மாவட்ட நீதிமன்ற வழக்கு வருடக்கணக்கில் போகும், ஒவ்வொரு தவணைக்கும் உங்களுக்கு ஒரு நாள் பேர் போகும். ஆனால் பேச்சுவார்த்தையை நம்பி வழக்குப் போடாமல் இருக்காதீர்கள். போட்ட பிறகும் சமாதானமாக முடிக்கலாம்.

அந்த 40,000 ரூபாத் தாள்தான் எனக்கு உறுத்துகிறது. "மருத்துவச் செலவுக்கு உதவி" என்று இருந்தால் தொகையில் கழிப்பார்கள், அவ்வளவுதான். "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று இருந்தால் அதை முறியடிப்பதுதான் உங்கள் சட்டத்தரணியின் முதல் வேலை. இந்தக் கிழமையே பிரதி வாங்கி, சிங்களம் நன்றாகத் தெரிந்த ஒருவரிடம் வாசித்துக் கேளுங்கள். அதுவரை வேறு எதிலும் மனைவி கையொப்பம் போட வேண்டாம்.