சி3 குறைந்தால் எதிர்ப்புச் சக்தி குறைந்துவிட்டதா?

கேள்வி: என் மகனுக்கு 8 வயது. கை காலில் சிரங்கு வந்து ஆறி ஒரு மாதம் இருக்கும். ஒருநாள் காலையில் முகம் வீங்கி, சிறுநீர் காபி டிகாக்‌ஷன் மாதிரி போனது. ஆஸ்பத்திரியில் 5 நாள் வைத்திருந்து அனுப்பினார்கள். இப்போது 3 வாரம் ஆகிறது. வீக்கம் வடிந்துவிட்டது, சிறுநீரும் தெளிந்துவிட்டது, கிரியேட்டினின் 0.6. ஆனால் ரத்தப் பரிசோதனையில் சி3 32, சி4 24 என்று வந்திருக்கிறது. சி3 எதிர்ப்புச் சக்திக்கான புரதம் என்று படித்தேன். பையனுக்கு எதிர்ப்புச் சக்தி குறைந்துவிட்டதா? லேகியம், சத்து மாவு, இளநீர் கொடுத்து ஏற்றலாமா? 8 வாரத்தில் மறுபடி டெஸ்ட் எடுக்கச் சொல்கிறார்கள். பிள்ளை நன்றாகத்தானே இருக்கிறான், அது தேவையா?

மருத்துவர் பதில்:

குறையவில்லை, அம்மா. சம்பளம் அப்படியே வந்துகொண்டிருக்க, ஒரு மாதம் மட்டும் செலவு எகிறிவிட்டால் கையிருப்பு இறங்குமே, அதுதான் உங்கள் பையனின் சி3 கணக்கு. கல்லீரல் வழக்கம்போலத் தயாரிக்கிறது. சிறுநீரகத்தில் நடந்த சண்டை அதைத் தின்றிருக்கிறது. எதில் செலவானது என்பதை அதே ரிப்போர்ட்டில் உள்ள சி4 சொல்லிவிடுகிறது. அதைப் புரிந்துகொண்டால் உங்கள் மற்ற இரண்டு கேள்விகளுக்கும் பதில் கிடைத்துவிடும்.

ரத்தத்தின் நீர்ப் பகுதியில் 30-க்கும் மேற்பட்ட புரதங்கள் சேர்ந்து ஒரு அணியாக வேலை செய்கின்றன. இந்த அணிக்குக் காம்ப்ளிமென்ட் என்று பெயர். 1890-களில் பாரிஸ் பாஸ்டர் நிலையத்தில் ழூல் போர்டே ஒன்றைக் கவனித்தார். நோயை எதிர்த்துப் பழகிய விலங்கின் சீரத்தை (ரத்தம் உறைந்தபின் பிரியும் நீரை) 56 டிகிரி செல்சியஸில் சூடாக்கினால் அது கிருமியைக் கொல்லும் திறனை இழந்துவிடும். சூடு படாத சாதாரணச் சீரத்தைக் கொஞ்சம் சேர்த்தால் திறன் திரும்பிவிடும். கிருமியை அடையாளம் கண்டு ஒட்டும் புரதமான ஆன்டிபாடி அந்தச் சூட்டைத் தாங்குகிறது. அதற்குத் துணை நின்று வேலையை முடித்துவைக்கும் ஏதோ ஒன்று தாங்கவில்லை. அந்தத் 'துணை'தான் காம்ப்ளிமென்ட். பெயர் வைத்தவர் பால் எர்லிஹ். போர்டேவுக்கு 1919-க்கான நோபல் பரிசு கிடைத்தது.

இந்தப் புரதங்கள் சாதாரண நேரத்தில் சும்மா சுற்றிவரும். ஒன்று வெட்டுப்பட்டால் அது அடுத்ததை வெட்டும், அது அதற்கடுத்ததை. எல்லாம் வந்து சேரும் சந்திதான் சி3. அதனால்தான் அது அணியிலேயே அதிகமாக இருக்கிறது: டெசிலிட்டருக்குச் சுமார் 90 முதல் 180 மில்லிகிராம் (லேபுக்கு லேப் சற்று மாறும்). சி4 10 முதல் 40 வரைதான்.

சி3 வெட்டுப்படும் அந்த நொடியைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். சிறிய துண்டு சி3ஏ, பெரிய துண்டு சி3பி. சி3பிக்குள் அதுவரை மறைந்திருந்த ஒரு வேதிப் பிணைப்பு வெட்டுப்பட்டதும் வெளியே வரும். நொடியில் மிகச் சிறு பங்குக்குள் அது எதையாவது பற்றிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் தண்ணீரோடு சேர்ந்து வீணாகிவிடும். ஆகவே வெட்டு நடந்த இடத்துக்கு மிகப் பக்கத்தில் எது இருக்கிறதோ, அதன்மேல்தான் ஒட்டும். கிருமி இருந்தால் கிருமிமேல். ஒட்டிய சி3பியை வெள்ளை அணுக்கள் பிடிமானமாகப் பிடித்து விழுங்கும். வழுக்கிப் போகும் கிருமிக்குக் கைப்பிடி வைத்த மாதிரி. அடுத்து சி5-உம் இப்படியே சி5ஏ, சி5பி என்று வெட்டுப்படும். சி3ஏ, சி5ஏ என்ற சிறு துண்டுகள் ரத்தக் குழாயைக் கசிய வைக்கும். சி5ஏ வெள்ளை அணுக்களைக் கூப்பிட்டும் வரும். கடைசியில் சி5பி, சி6, சி7, சி8 கூடி, பல சி9-களை வளையமாக அடுக்கிக் கிருமியின் சவ்வில் ஓட்டை போடும். மூளைக்காய்ச்சல் உண்டாக்கும் மெனிங்கோகாக்கஸுக்கு இந்த ஓட்டை எமன். சிரங்கில் சீழ் வைக்கும் ஸ்ட்ரெப்டோகாக்கஸுக்குத் தோல் தடிமன், ஓட்டை விழாது. அதற்கு எதிராக விழுங்குதல்தான் வழி.

தொடக்கம் மூன்று விதம். கிருமிமேல் ஆன்டிபாடி உட்கார்ந்திருந்தால் சி1 அதைக் கண்டுபிடித்து சி4, சி2 ஆகியவற்றை வெட்டி சி3-க்கு வரும். கிருமியின் மேலுள்ள மேனோஸ் சர்க்கரையை அடையாளம் கண்டு தொடங்குவது இரண்டாவது. அதுவும் சி4, சி2 வழியாகத்தான். மூன்றாவதற்கு ஆன்டிபாடியும் வேண்டாம், சி4-உம் வேண்டாம். சி3 எப்போதும் சிறிதளவு தானாகவே அவிழ்ந்துகொண்டிருக்கும்; ஃபேக்டர் பி, ஃபேக்டர் டி என்ற புரதங்கள் இரண்டும் சேர்ந்தால் அது மேலும் மேலும் சி3-ஐ வெட்டும். தானே தன்னைப் பெருக்கிக்கொள்ளும் இந்த வழிக்குக் கடிவாளம் ஃபேக்டர் எச் என்ற புரதம். நம் சொந்த அணுக்களின்மேல் அது உட்கார்ந்து வெட்டைத் தடுக்கிறது. ஸ்ட்ரெப்டோகாக்கஸ் கெட்டிக்காரக் கிருமி. தன் எம் புரதத்தால் அந்த ஃபேக்டர் எச்-ஐயே இழுத்துப் போர்த்திக்கொண்டு 'நானும் உங்க வீட்டுப் பிள்ளைதான்' என்று திரியும்.

இப்போது ரிப்போர்ட்டுக்கு வருவோம். சி4 24, அதாவது இயல்பு. முதல் இரண்டு வழிகளில் பெருஞ்செலவு நடந்திருந்தால் அதுவும் சரிந்திருக்கும். சி3 மட்டும் 32-க்கு இறங்கியிருப்பதால் செலவு பெரும்பாலும் மூன்றாம் வழியில். சிரங்கு, சில வாரம் கழித்து முக வீக்கம், டிகாக்‌ஷன் நிறச் சிறுநீர், இதோடு இந்த எண்கள் சேர்ந்தால் ஸ்ட்ரெப்டோகாக்கஸுக்குப் பின் வரும் சிறுநீரக அழற்சி என்பது கிட்டத்தட்ட உறுதி. இந்த நோயில் பத்தில் ஒன்பது பிள்ளைகளுக்குத் தொடக்கத்தில் சி3 குறைந்தே இருக்கும். தொண்டைப் புண்ணுக்குப் பிறகு என்றால் 1 முதல் 3 வாரத்திலும், தோல் புண்ணுக்குப் பிறகு என்றால் 3 முதல் 6 வாரத்திலும் வரும். உங்கள் கணக்கும் பொருந்துகிறது. ஸ்ட்ரெப்டோகாக்கஸ் தொற்று வந்து போனதைக் காட்டும் ஏ.எஸ்.ஓ. டெஸ்ட் எடுத்து இயல்பு என்று வந்திருந்தால் குழம்ப வேண்டாம். தோல் வழியாக வந்த தொற்றில் அது பலருக்கு ஏறாது; அதே வேலைக்கான ஆன்டி டிஎன்ஏஸ் பி என்ற இன்னொரு டெஸ்ட்தான் ஏறும்.

கிருமியின் துணுக்குகளும் அவற்றுக்கு எதிரான ஆன்டிபாடிகளும் சிறுநீரக வடிகட்டியில் படிந்துவிட்டன. அங்கே சி3 வெட்டுப்பட, சி5ஏ வெள்ளை அணுக்களைக் கூப்பிட, வடிகட்டி வீங்கிவிட்டது. சிவப்பணு கசிந்ததால் அந்த நிறம். உப்பும் நீரும் வெளியேறாமல் தங்கியதால் வீக்கமும் ரத்த அழுத்தமும். எதிர்ப்பு மண்டலம் சோம்பேறியாக இருந்தால் இந்த நோயே வராது. பிறவியிலேயே காம்ப்ளிமென்ட் குறைபாடு உள்ள பிள்ளைகளின் கதை வேறு: சி3 இல்லாதவர்களுக்குச் சிறு வயதிலிருந்தே நிமோனியா போன்ற கடும் தொற்றுகள் திரும்பத் திரும்ப வரும், சி5 முதல் சி9 வரை ஏதாவது இல்லாதவர்களுக்கு மெனிங்கோகாக்கஸ் மூளைக்காய்ச்சல் ஒன்றுக்கு மேற்பட்ட முறை வரலாம்.

ஆகவே சி3-ஐ ஏற்ற உணவு தேவையில்லை; அப்படி ஒரு உணவும் இல்லை. படிவு கரைந்து செலவு நின்றதும் அது தானாக ஏறும். லேகியம், பஸ்பம் கண்டிப்பாக வேண்டாம்; ஈயம், பாதரசம் கலந்திருக்கக்கூடிய மருந்தைத் தேறிவரும் சிறுநீரகத்துக்குக் கொடுப்பது வம்பை விலைக்கு வாங்குவது. சத்து மாவுக் கஞ்சி சாப்பாடாகக் கொடுக்கலாம், மருந்தாக நினைக்க வேண்டாம். இளநீர் விஷயத்தில் நம் ஊரில் ஒரு பிழை தொடர்ந்து நடக்கிறது. சிறுநீர் சிவந்ததும் 'சூடு' என்று இளநீராக ஊற்றுவார்கள். அதில் பொட்டாசியம் அதிகம். சிறுநீர் குறைந்திருக்கும் நாட்களில் அது ரத்தத்தில் தேங்கினால் இதயத் துடிப்பே தடுமாறும். உங்கள் பையனுக்கு இப்போது சிறுநீர் நன்றாகப் போகிறது, சிறுநீரகம் கழிவை நீக்குவதைக் காட்டும் கிரியேட்டினினும் 0.6, அதாவது இயல்பு, ஆகவே ஆசைக்கு எப்போதாவது ஒன்று குடிக்கலாம். ஆஸ்பத்திரியில் தண்ணீரை அளந்து கொடுத்திருப்பார்கள். வீக்கம் வடிந்து அழுத்தம் இயல்பானபின் அந்தக் கட்டுப்பாடு வேண்டாம். அப்பளம், ஊறுகாய், வடகம், கருவாடு, பாக்கெட் சிப்ஸ் மட்டும் அடுத்த பரிசோதனைவரை விலகி இருக்கட்டும். காய்ச்சல் வந்தால் பாராசிட்டமால் போதும், இபுபுரூஃபன் வேண்டாம்.

8 வாரக் கணக்கை வீக்கம் வந்த நாளிலிருந்து எண்ணுங்கள். 3 வாரம் போய்விட்டது, இன்னும் 5 வாரம். அதற்கு முன் அவசரப்பட்டு எடுத்தால் இன்னும் குறைவாகவே வரலாம், வீண் பயம். இந்த நோயில் சி3 பெரும்பாலும் 6 முதல் 8 வாரத்தில் இயல்புக்குத் திரும்பிவிடும். இந்தத் திரும்புதல்தான் நோய் இன்னதென்பதற்குக் கடைசிச் சான்று. அதனால்தான் பிள்ளை ஓடியாடி விளையாடினாலும் டெஸ்ட் எடுக்கச் சொல்கிறோம், பிள்ளை நன்றாக இருப்பதால்தான் பல பெற்றோர் வராமலும் போகிறார்கள். 12 வாரம் தாண்டியும் சி3 குறைந்தே இருந்தால், மூன்றாம் வழியின் கடிவாளமே பழுதாகியிருக்கலாம். சி3 குளோமெருலோபதி என்ற அந்த நோய் தொடக்கத்தில் அச்சு அசலாக இப்படியே வரலாம், ஆனால் தானாக ஆறாது. அப்போது சிறுநீரகத் திசுச் சோதனை தேவை. சி4-உம் சேர்ந்து குறைந்தால், எதிர்ப்பு மண்டலம் சொந்த உடலையே தாக்கும் லூபஸ் நோய் இருக்கிறதா என்று பார்ப்போம்.

டெஸ்டுக்கு வெறும் வயிறு தேவையில்லை. முதல் முறை எடுத்த லேபிலேயே எடுங்கள், பழைய ரிப்போர்ட்டைக் கையில் வைத்திருங்கள். சி3, சி4, கிரியேட்டினின், அன்றைய காலைச் சிறுநீர், ரத்த அழுத்தம், இவை போதும். காம்ப்ளிமென்ட் அணி முழுவதும் எவ்வளவு வேலை செய்கிறது என்று பார்க்கும் சி.எச்.50 டெஸ்டையும் சேர்த்து எழுதியிருந்தால், ரத்தம் எடுத்த இடத்திலேயே அதைச் செய்கிறார்களா என்று கேளுங்கள். போர்டே பார்த்த அந்தச் சூடு தாங்காத குணம்தான் காரணம்: சாதாரண வெப்பத்தில் மணிக்கணக்கில் பெட்டியில் கிடந்த சாம்பிளில் சி.எச்.50 பொய்யாகக் குறைந்து வரும்.

அதுவரை வாரம் ஒருமுறை ரத்த அழுத்தம் பாருங்கள். குழந்தைக்கான பட்டை கட்டச் சொல்லுங்கள். பெரியவர்களுக்கான அகலப் பட்டையைச் சின்னக் கையில் கட்டினால் அழுத்தம் குறைவாகக் காட்டி ஏமாற்றிவிடும். கடும் தலைவலி, வாந்தி, பார்வை மங்கல், வலிப்பு, மூச்சு வாங்குதல், சிறுநீர் குறைதல், மறுபடி டிகாக்‌ஷன் நிறம், இதில் எது வந்தாலும் அன்றைக்கே போக வேண்டும். சிறுநீர் ரிப்போர்ட்டில் சிவப்பணு கொஞ்சம் என்று ஒரு வருடம்வரை கூட வரலாம், அதற்காக ஓட வேண்டாம். புரதம் மட்டும் மாதத்துக்கு மாதம் குறைந்துவர வேண்டும்.

சிரங்குக்கு அடியில் சொறி (ஸ்கேபீஸ் என்ற, ஒட்டிப் பரவும் சிறு பூச்சித் தொற்று) இருந்ததா என்று நீங்கள் எழுதவில்லை. வீட்டில் வேறு யாராவது இரவில் சொறிகிறார்களா? அப்படியானால் டாக்டரிடம் காட்டி, வீட்டில் எல்லோரும் ஒரே இரவில் பெர்மெத்ரின் 5% கிரீமைக் கழுத்திலிருந்து கால் விரல் இடுக்குவரை தடவி, 8 முதல் 12 மணி நேரம் கழித்துக் குளியுங்கள். 7 முதல் 14 நாளுக்குள் மறுமுறை. பையனுக்கு மட்டும் தடவினால் தம்பி தங்கையிடமிருந்து திரும்ப வந்துவிடும்.

பள்ளிக்கு அனுப்பலாம், போட வேண்டிய தடுப்பூசிகளை நிறுத்த வேண்டாம். இந்த நோய் இரண்டாம் முறை வருவது அபூர்வம். 8 வாரத்தில் சி3 இயல்புக்கு வந்துவிட்டால் காம்ப்ளிமென்ட் டெஸ்ட் அதோடு முடிந்தது. சிறுநீரும் ரத்த அழுத்தமும் மட்டும் 3 மாதத்துக்கு ஒருமுறை, சிவப்பணு மறையும்வரை.