வசனம் இல்லாத படத்தில் வாழ்க்கை உண்டா?

அன்புள்ள அம்மா,

"வாயில்லாப் படத்தை வைத்துக்கொண்டு என்ன பிழைப்பு நடத்துவான்?" என்று, அனிமேஷன் படிக்க விரும்பும் உங்கள் மகனைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். உங்கள் பயம் புரிகிறது. ஆனால், மகன் எடுத்த படத்தைப் பற்றி நீங்கள் எழுதிய இரண்டு வரியில்தான் என் மனம் நின்றுவிட்டது. சாப்பாட்டு மேசையில் நான்கு தலைகளும் கைபேசியில் கவிழ்ந்திருக்கின்றன. பேசிப் பேசி ஓய்ந்த பாட்டி, ஒரு காலிப் படச்சட்டத்தைத் தன் முகத்துக்கு முன்னால் பிடித்துக்கொள்கிறாள். உடனே எல்லோரும் நிமிர்ந்து பார்க்கிறார்கள்.

ஒரு சொல்கூட இல்லாமல் ஒரு வீட்டின் துயரத்தைச் சொல்லிவிட்டான். இப்படிக் காட்சியால் யோசிப்பது மென்பொருள் வகுப்பில் கிடைக்கும் திறமை அல்ல. ஸ்டோரிபோர்டு (படம் எடுக்கும் முன் காட்சிகளைக் கட்டம் கட்டமாக வரைந்து காட்டுவது) வரைபவரிடம் எதிர்பார்ப்பதும் இதைத்தான்.

அர்ஜென்டினாவின் சாந்தியாகோ கிராசோ இயக்கிய 'எல் எம்ப்லேயோ' (2008) படத்தை அவனோடு உட்கார்ந்து பாருங்கள். ஒருவன் வேலைக்குக் கிளம்புகிறான். அவன் வீட்டில் விளக்கு, மேசை, நாற்காலி எல்லாமே மனிதர்கள். அவனுக்கு என்ன வேலை என்பது கடைசியில்தான் தெரியும். அதை நான் சொல்லப்போவதில்லை. வசனம் இல்லாததால் எந்த நாட்டுக்காரருக்கும் அது புரியும். 1952-இல் நார்மன் மெக்லாரன் ஒரு பூவுக்காக அடித்துக்கொள்ளும் இரு அண்டை வீட்டாரை வைத்து எடுத்த 'நெய்பர்ஸ்' ஆஸ்கார் வாங்கியது.

வருமானத்தைப் பற்றியும் மறைக்காமல் சொல்கிறேன். இத்தகைய குறும்படங்கள் மட்டும் சோறு போடுவது அரிது. விளம்பரம், விளையாட்டுச் செயலி, தொடர், பாடக் காணொளி ஆகியவற்றில்தான் சம்பளம் வரும். அந்த வேலைக்கு எடுப்பவர்கள் முதலில் பார்ப்பது அவன் செய்து காட்டும் படங்களைத்தான்.

ஆகவே, பெரிய தொகை கட்டி அனிமேஷன் வகுப்பில் சேர்ப்பதற்கு முன், ஒரு நிமிடப் படம் ஒன்றை ஒலியோடு முழுமையாக முடிக்கச் சொல்லுங்கள். திரையில் நொடிக்கு 24 சட்டகம் (ஃப்ரேம்) ஓடும். ஒரு படத்தை இரண்டு சட்டகத்துக்கு வைத்தாலும் நிமிடத்துக்கு 720 படங்கள் வரைய வேண்டும். முந்நூறாவது படத்தில் கை சலித்த பிறகும் உட்காருகிறானா என்று கவனியுங்கள். உட்கார்ந்தால் தயங்காமல் சேர்த்துவிடுங்கள். மனித உடலைப் பார்த்து வரையக் கற்றுத்தரும் இடமாகத் தேடுங்கள். மென்பொருள் மாறிக்கொண்டே இருக்கும். வரையப் பழகிய கை மாறாது.

அவனிடம் ஒன்று சொல்லுங்கள்: பாட்டியின் முகம் சட்டத்துக்குள் தெரிந்த பிறகு வேறு எதையும் சேர்க்க வேண்டாம். அந்தக் காட்சியை ஆறு கட்டங்களில் வரைந்து அனுப்பட்டும், பார்த்து எழுதுகிறேன்.