வாசகர் கேட்டவை: வெளியே வாட்டிய மீன், உள்ளே பச்சை

கேள்வி: ஜப்பானியர் சூரை மீனை வைக்கோல் தீயில் மேலாக வாட்டி, உட்புறம் சிவப்பாகவே இருக்க, துண்டு போட்டு உண்பதைத் தொலைக்காட்சியில் கண்டேன். காவடி விரதம் முடிந்ததும் இந்தக் கோடையிலேயே செய்து பார்க்க விரும்புகிறேன். நம் சந்தை மீன் இதற்கு ஆகுமா? வைக்கோலுக்குப் பதிலாகக் கரும்புச் சோகையைப் பயன்படுத்தலாமா?
- வாசகி, ரோஸ் ஹில், மொரீசியஸ்

பதில்: ஷிகோகு தீவில், முன்னாளில் தோசா என வழங்கிய கோச்சி மாநிலம் இந்த உணவுக்குப் பெயர் பெற்றது, இதனை அங்கே ‘ததாக்கி’ என்பர். நாம் இங்கே ‘போனித்’ என்று வாங்கும் வரிச்சூரையே அதற்குரிய மீன். பெரிய சூரையின், அதாவது ‘தோனின்’, முள்ளில்லாத தடித்த கண்டமும் நன்றாகவே அமையும்.

தீ இங்கே மீனை வேகவைப்பதில்லை. மேற்பரப்புக்கு மணமூட்டுவதோடு அதன் வேலை முடிந்துவிடுவதால், நடுப்பகுதியைப் பச்சை மீன் என்றே கருத வேண்டும். சூரை வகை மீன்கள் வெப்பத்தில் கிடந்தால் அவற்றின் தசையில் ஹிஸ்டமின் என்னும் நச்சுப்பொருள் உருவாகும். முகம் சிவத்தல், தலைவலி, அரிப்பு ஆகியவை அதனால் வருபவை. பிறகு எவ்வளவு வேகவைத்தாலும் அது அழிவதில்லை என்பதால், சனவரி வெயிலில் பனிக்கட்டியின்றிப் பலகையில் கிடந்த மீனைப் பொரித்து, கடுகும் வினிகரும் சேர்த்த விந்தாய் போட்டு உண்பதும் தவறே. ஒட்டுண்ணிப் புழுக்களுக்கு அஞ்சி, பச்சையாக உண்ணும் மீனை −20 பாகையில் 7 நாள் உறையவைப்பது வழக்கம். அந்தக் குளிரை வீட்டு உறைபெட்டிகள் பலவும் எட்டுவதில்லை, புயல் நாளில் மின்சாரம் போனால் சொல்லவே வேண்டாம். ஆகையால் பச்சையாக உண்பதற்கென்றே உறையவைத்து விற்கும் கடையில் வாங்கிக் குளிர்பெட்டியிலேயே மெல்ல இளக விடுங்கள். கர்ப்பிணிகள், முதியோர், சிறு குழந்தைகள் ஆகியோருக்கு முழுதும் வெந்த துண்டுகளையே பரிமாறுங்கள்.

நால்வருக்கு 400 கிராம் போதும். ஏறத்தாழ 4 செ.மீ. தடிப்புள்ள கண்டத்தைத் துணியால் ஈரம் போக ஒற்றி, உப்புத் தடவுங்கள். இரும்புத் தோசைக்கல்லில் சிறிது எண்ணெய் தடவிப் புகை கிளம்பும் வரை காயவிட்டு, குளிர்ந்த மீனை அதில் வைத்து அசைக்காமல் விடுங்கள். அரை நிமிடத்தில் பக்கவாட்டில் வெளிர்நிறக் கோடு ஒன்று கீழிருந்து மேலேறும். அது 3 மி.மீ. தொட்டதும் அடுத்த பக்கத்துக்குத் திருப்புங்கள். கல் போதிய அளவு காயாவிடில் மீன் நீர்விட்டு, சாம்பல் நிறமாகி, வாட்டியதும் ஆகாமல் வேகவைத்ததும் ஆகாமல் கெட்டுவிடும். எல்லாப் பக்கமும் வாடியபின் சிலர் பனிக்கட்டி போட்ட நீரில் முக்குவார்கள். சுவை கரைவதால் எனக்கு அதில் விருப்பமில்லை. தட்டில் வைத்து மூடி, குளிர்பெட்டியில் கால் மணி நேரம் வைத்தால் போதும்.

பிறகு விரல் தடிப்பில் நறுக்கி, மெல்லிய வெங்காயத்தின் மேல் அடுக்கி, பச்சைப் பூண்டுச் சீவல், துருவிய இஞ்சி, வெங்காயத்தாள் தூவுங்கள். கோச்சியில் யுசு என்னும் புளிப்புப் பழத்தின் சாறு சேர்ப்பார்கள்; நமக்கு எலுமிச்சை இருக்கிறது. 3 மேசைக்கரண்டி சோயா சாசுக்கு 2 கரண்டி சாறும் ஒரு சிட்டிகைச் சர்க்கரையும் சேர்த்து, உண்ணும் நேரத்தில்தான் ஊற்ற வேண்டும். முன்கூட்டியே ஊற்றினால் புளிப்பு மீனை வெளுக்கச் செய்துவிடும். கொம்பாவா என்னும் சுருங்கிய தோலுள்ள எலுமிச்சையின் தோலை விரும்பினால் நகக்கண் அளவே துருவுங்கள், இல்லையேல் வேறெந்த மணமும் தெரியாது.

சோகையைப் பொறுத்தவரை, வைக்கோலைப் போலவே அதுவும் சட்டெனப் பற்றி உயர எரிந்து அடங்கும் என்பது உண்மையே. ஆனால் வயலில் களைக்கொல்லி தெளித்திருக்கலாம். தீப்பொறியோ காற்றில் பறக்கும். வீட்டுக்குத் தோசைக்கல்லே ஏற்றது.

கேள்வி: மிஞ்சியதை மறுநாள் சாப்பாட்டுப் பெட்டியில் வைக்கலாமா?
- அதே வாசகி

பதில்: கூடாது. சாறு ஊற்றாத துண்டுகளை அன்றிரவே நன்றாகப் பொரித்துவிடுங்கள். சாறு ஊறியவற்றையும் மேசையில் வெகுநேரம் இருந்தவற்றையும் வைத்திருக்க வேண்டாம்.