கப்பலின் ஓட்டத்தைக் குடிக்கும் பிராணி

கேள்வி: கற்பனைக் கடல் ஒன்றில் நடக்கும் நாவல் எழுதுகிறேன். அங்கே கப்பல்களையும் மாலுமிகளையும் தொடாமலேயே ஆற்றலை உறிஞ்சும் ராட்சதப் பிராணி ஒன்று இருக்கிறது. படித்துப் பார்த்த நண்பர்கள், “உறிஞ்சிய ஆற்றல் எங்கே போகிறது? ஏன் எல்லாரையும் கொன்றுவிடவில்லை?” என்று கேட்கிறார்கள். எப்படி நம்பும்படி எழுதுவது?

பதில்: உங்கள் நண்பர்கள் சரியான இடத்தில் கை வைத்திருக்கிறார்கள். முதல் கேள்விக்கு விடை கிடைத்துவிட்டால் பிராணியின் உருவம், குணம், இருப்பிடம் எல்லாம் அதிலிருந்தே வந்துவிடும்.

ஒரு சின்னக் கணக்கு போடுவோம். சும்மா உட்கார்ந்திருக்கும் மனிதரின் உடல் வெளிவிடும் வெப்பம் சுமார் 100 வாட். 30 மாலுமிகளை ஒட்ட உறிஞ்சினாலும் 3 கிலோவாட்தான் தேறும். உடனடி வெந்நீர் கீசர் ஒன்று ஓடவே அது சரியாகிவிடும். எப்போதோ ஒருமுறை வரும் கப்பலின் ஆட்களை நம்பி ஒரு ராட்சதப் பிராணி பிழைக்க முடியாது. அதனால் மாலுமிகளை அதன் உணவாக வைக்காதீர்கள். கப்பலின் ஓட்டத்தை உணவாக வையுங்கள். பாய்களைத் தள்ளும் காற்றில் அதைவிடப் பல மடங்கு ஆற்றல் இருக்கிறது.

இப்படி ஒன்றைப் பழைய ரோமானியர்களே நம்பினார்கள். சுறாவின் உடம்பில் ஒட்டிக்கொண்டு போகும் ரெமோரா என்ற சிறு மீன் கப்பலையே நிறுத்திவிடும் என்பது அவர்கள் எண்ணம். கி.மு. 31இல் ஆக்டியம் போரில் ரோமானியத் தளபதி ஆண்டனியின் கப்பலைப் பிடித்து நிறுத்தியது அதுதான் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதிவைத்திருக்கிறார். அந்த மீனுக்கு அவ்வளவு பலம் கிடையாது. ஆனால் ஓட வேண்டிய கப்பல் காரணம் தெரியாமல் நின்றுபோவது கடலில் உண்மையாகவே நடக்கிறது.

1893 ஆகஸ்ட் இறுதியில் நார்வேயின் துருவப் பயணி நான்சென், ஃப்ராம் என்ற கப்பலில் சைபீரியாவின் வட கரையோரம் போய்க்கொண்டிருந்தார். திடீரென்று கப்பல் நகர்வதே பெரும்பாடாகிவிட்டது. வளைந்து போனார்கள், முழுக்கத் திரும்பியும் பார்த்தார்கள், பலனில்லை. எஞ்சினை நிறுத்தினால் பின்னாலிருந்து யாரோ உறிஞ்சி இழுப்பது போல இருந்ததாம். நார்வே மாலுமிகள் இதைச் செத்த தண்ணீர் என்பார்கள். காரணத்தை 1904இல் ஸ்வீடனின் கடலியல் அறிஞர் எக்மன், தொட்டியில் சோதனை செய்து விளக்கினார். உருகிய பனியோ ஆறோ கொண்டுவரும் நன்னீர், கனமான உப்புநீரின் மேல் மெல்லிய அடுக்காக மிதக்கும். மெதுவாகப் போகும் கப்பல் அந்த இரண்டு அடுக்கும் சேரும் இடத்தில், கண்ணுக்குத் தெரியாத பெரிய அலைகளை எழுப்பும். கப்பலின் ஆற்றலெல்லாம் அந்த அலைகளுக்கே போய்விடும். மேலே கடல் ஏறக்குறைய அமைதியாகவே கிடக்கும். இதை எத்தனை முறை சொன்னாலும் எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

உங்கள் பிராணியை அந்த எல்லையில் குடிவையுங்கள். கீழே எழும் அலைகளைக் குடித்து வாழட்டும். அப்போது அது எங்கே இருக்கும் (ஆற்று முகத்துவாரம், பனி உருகும் விரிகுடா), எப்போது பசிக்கும் (வெள்ளக் காலம், கோடை) என்பதெல்லாம் தானாக முடிவாகிவிடும். தப்பிக்கும் வழியும் இதிலேயே இருக்கிறது. அந்த அடியலைகளைவிட வேகமாகப் போகும் கப்பலைச் செத்த தண்ணீர் பிடிப்பதில்லை. மெதுவாகப் போவதுதான் மாட்டிக்கொள்ளும்.

அப்புறம், ஏன் எல்லாரையும் கொல்லவில்லை என்ற கேள்வி. லாம்ப்ரே என்ற தாடையில்லாத மீனைப் பாருங்கள். பெரிய மீன்களின் உடலில் வாயை ஒட்டி இரத்தம் குடிக்கும். சொந்தக் கடலான அட்லாண்டிக்கில் அது ஒட்டிய பெரிய மீன்கள் பெரும்பாலும் பிழைத்துக்கொள்ளும். வட அமெரிக்கப் பேரேரிகளுக்குள் அது புகுந்தபோது நிலைமை மாறியது. அங்கே ஒரு லாம்ப்ரே தன் வாழ்நாளில் 18 கிலோ வரை மீன்களைக் கொல்லும். ஏரியின் டிரவுட் மீன்வளமே சரிந்தது. உங்கள் பிராணியும் தன் கடலில் அளவோடுதான் குடிக்கும், வேறு கடலுக்குப் போனால்தான் அழிவு என்று வைத்தால் கதைக்கு ஒரு முடிச்சும் கிடைக்கும்.

மாலுமிகள் சோர்ந்து விழ வேண்டுமா? அதற்கு மாயம் தேவையில்லை, குளிர்நீர் போதும். காற்றைவிடத் தண்ணீர் சுமார் 25 மடங்கு வேகமாக உடல் வெப்பத்தைப் பறிக்கும். உறைபனி அளவு குளிர்ந்த நீரில் விழுந்தவருக்குக் கைவிரல்கள் சொன்னபடி கேட்பது பத்து நிமிடம் போலத்தான். கயிறு கைக்கு எட்டியும் பிடிக்க முடியாத அந்த நிலையை விரிவாக எழுதுங்கள்.

கடைசியாக ஒன்று. ஃப்ராம் கப்பலில் மேலே அள்ளிய தண்ணீர் குடிக்கும்படி இருந்தது. அடிக்குழாயில் எடுத்த தண்ணீரோ கொதிகலனுக்குக்கூட ஆகாத அளவு உப்பு. பிராணி வரும் அத்தியாயத்தை அங்கிருந்து தொடங்கலாம்: வயதான மாலுமி ஒருவர் வாளியை இறக்கி, ஒரு கை அள்ளி நாக்கில் வைக்கிறார். நடுக்கடலில் தண்ணீர் இனிக்கிறது.